காலம் வளையும் மாடம் ஒன்றைக் கட்டி நான் பட்ட பாடு

2018 மார்கழியில் ஒரு விடியற்காலை. எதிர்வீட்டுப் பாட்டி வாசலில் கோலம் போட்டுக்கொண்டே, "நமக்கு ஒரு வருஷம்னா தேவர்களுக்கு ஒரே நாள்தாம்மா. இந்த மாசம் அவங்களுக்கு விடியக்காலம்" என்றார். சின்ன வயதிலிருந்து கேட்ட சங்கதிதான். ஆனால் அன்றைக்கு அது வேறு மாதிரி உள்ளே இறங்கியது. ஒரே கட்டடத்துக்குள் இந்த இரண்டு காலமும் இருந்தால்? கீழ்த்தளத்தில் நம் வருஷம், மேல்தளத்தில் அவர்கள் நாள். அன்று இரவே ஏழு நிலை மாடம் ஒன்றை எழுத ஆரம்பித்தேன். கன்னல் மாடம் என்று பெயர் வைத்தேன். கன்னல் என்றால் பழந்தமிழில் நீரைக் கொண்டு நாழிகை பார்க்கும் கருவி. முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனுக்கு, கன்னலில் இவ்வளவு நேரம் ஆயிற்று என்று எடுத்துச் சொல்ல ஆட்கள் இருப்பார்கள். என் மாடத்தின் உச்சிக்கு ஒரு பெண் மருந்து தேடி ஏறுகிறாள். கீழே வாசலில் ஒன்பது வயதுத் தம்பி காத்திருக்கிறான். கதை அவ்வளவுதான். அதை எழுதி முடிக்க எனக்கு மூன்று வருடம், அப்புறம் அதைத் திருத்த இன்னும் ஒரு வருடம், கையிலிருந்து ஒரு லட்சத்து இருபதாயிரம் ரூபாய்க்கு நெருக்கமாகப் போயிற்று. இப்படி ஒரு கட்டடத்தைக் கதையில் கட்டுவதில் என்னென்ன சிக்கல் வரும் என்று யாராவது முன்கூட்டியே சொல்லியிருந்தால் அதில் பாதியையாவது காப்பாற்றியிருப்பேன். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

முதல் அடி ஓவியத்தில் விழுந்தது. மாடத்தின் படிக்கட்டு ஏறிக்கொண்டே போய், ஏறத் தொடங்கிய இடத்துக்கே வந்து சேர வேண்டும் என்று எழுதியிருந்தேன். இது நான் கண்டுபிடித்தது கிடையாது. லயனல் பென்ரோஸ், ரோஜர் பென்ரோஸ் என்ற அப்பாவும் மகனும் 1958-இல் ஓர் உளவியல் இதழில் இந்தப் படிக்கட்டை வெளியிட்டார்கள். அதைப் பார்த்துத்தான் டச்சு ஓவியர் எஷர் 1960-இல் தன் புகழ்பெற்ற அச்சோவியத்தைச் செய்தார். அதற்கும் வெகு முன்னால், 1934-இலேயே, ஸ்வீடன்காரரான ஆஸ்கர் ரியூட்டர்ஸ்வார்ட் இப்படிக் கட்டவே முடியாத முக்கோணம் ஒன்றை வரைந்திருக்கிறார். இதெல்லாம் எனக்கு அப்போதே தெரியும். தெரிந்தும் முக்கியமான ஒன்றைக் கவனிக்கவில்லை. ஓவியரிடம் மூன்று படம் கேட்டேன்: முன்பக்கம் ஒன்று, பின்பக்கம் ஒன்று, பறவைப் பார்வையில் ஒன்று. பதினெட்டாயிரம் ரூபாய் முன்பணம் கொடுத்தேன். இரண்டு மாதம் கழித்து அவர் போன் செய்து, "மேடம், முன்பக்கம் வந்துடுச்சு. மத்த ரெண்டும் வரவே வராது. பின்னாடி போய் நின்னா படி உடைஞ்சு தெரியும்" என்றார். அவர் சொன்னது முழுக்க உண்மை. இந்த மாதிரி உருவங்கள் ஒரு கோணத்தில் மட்டும்தான் உயிரோடு இருக்கும். ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் இந்த முக்கோணத்தை உலோகச் சிற்பமாகவே நிறுத்தியிருக்கிறார்கள். குறிப்பிட்ட இடத்தில் நின்றால் மூன்று முனையும் கூடித் தெரியும். கொஞ்சம் நகர்ந்தால் வாய் பிளந்த மூன்று கம்பங்கள்தான். அவர் இரண்டு மாதம் உழைத்திருக்கிறார், அந்தப் பணத்தை நான் திருப்பிக் கேட்கவில்லை. படங்களும் புத்தகத்தில் வரவில்லை.

எழுத்திலும் இதே விதிதான் என்று ரொம்பத் தாமதமாகப் புரிந்தது. நடக்க முடியாத படிக்கட்டை ஏறுகிறவள் கண் வழியாக மட்டும் காட்டினால் வாசகர் நம்புவார். ஒவ்வொரு அடியும் மேலேதான் போகிறது, மூச்சு வாங்குகிறது, ஆனால் ஏழாவது திருப்பத்தில் அவளே கழற்றி வைத்த செருப்பு கிடக்கிறது. அவ்வளவு போதும். நான் என்ன செய்தேன் என்றால், அத்தியாயம் ஆறில் ஒரு கொத்தனாரைக் கொண்டுவந்து மாடத்தின் முழு அமைப்பையும் நான்கு பக்கம் விளக்க வைத்தேன். விளக்க விளக்க அது உடைந்தது. இரண்டாம் பதிப்பில் அந்த நான்கு பக்கமும் இல்லை, செருப்பு மட்டும் இருக்கிறது. மகாபாரதத்தில் மயன் கட்டிய சபையை எடுத்துக்கொள்ளுங்கள். தரை என்று நினைத்துத் தண்ணீரில் விழுந்த துரியோதனன் நமக்குக் கண்ணில் நிற்கிறான். அந்த மண்டபத்தின் நீள அகலம் யாருக்காவது ஞாபகம் இருக்கிறதா?

சரி, பெரிய அடிக்கு வருகிறேன். 2022-இல் நானே செலவு செய்து 400 பிரதி அச்சடித்தேன். பிரதி ஒன்றுக்கு 145 ரூபாய் வீதம் 58,000 ஆயிற்று. அதற்கு முன் கையெழுத்துப் பிரதியைப் படித்தவர்கள் மூன்று பேர்: அம்மா, தங்கை, கல்லூரித் தோழி. மூவரும் பன்னிரண்டாம் அத்தியாயத்தில் அழுதார்கள். அதுவே எனக்குப் போதுமானதாக இருந்தது. புத்தகம் வந்து ஏழு வாரம் இருக்கும், ஓய்வு பெற்ற இயற்பியல் ஆசிரியர் ஒருவர் போன் செய்தார். ரொம்ப மரியாதையாகப் பேசினார். மாடம் பிடித்திருந்தது, தமிழ் பிடித்திருந்தது என்றெல்லாம் சொல்லிவிட்டு, "ஏம்மா, அந்தத் தம்பிக்கு வயசு என்ன?" என்று கேட்டார். எனக்குக் கேள்வியே புரியவில்லை. அவர் கையில் காகிதம் வைத்துக்கொண்டு வரிசையாக வாசித்தார். மூன்றாம் அத்தியாயத்தில் மாடத்தின் காவலாளி, ஒவ்வொரு நிலைக்கும் காலம் இரு மடங்கு மெதுவாகும் என்கிறான். முதல் நிலையில் இரண்டு மடங்கு, அடுத்ததில் நான்கு, அப்படியே ஏழாவது நிலையில் 128 மடங்கு. பன்னிரண்டாம் அத்தியாயத்தில், அங்கே ஒரு நாள் தங்கினால் கீழே ஒரு வருடம் என்று எழுதியிருக்கிறேன். அவள் தங்குவது மூன்று நாள். காவலாளி சொன்னபடி பார்த்தால் தம்பிக்குப் பத்து வயதுக்குச் சற்று மேல். பன்னிரண்டாம் அத்தியாயப்படி பார்த்தால் பன்னிரண்டு. பத்தொன்பதாம் அத்தியாயத்தில் அவள் இறங்கி வரும்போது அவன் நரைத்த தலையோடு வாசலில் உட்கார்ந்திருக்கிறான்.

"நான் பன்னெண்டாவது அத்தியாயத்துல அழுதேம்மா. பத்தொன்பதுல அவனுக்கு நரைச்சிருக்குன்னு படிச்சதும் ஏமாத்திட்டீங்களோன்னு தோணிடுச்சு" என்றார். இந்த ஒரு வாக்கியம் என்னை ஒரு வாரம் தூங்கவிடவில்லை. அவர் திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். தம்பி இழந்த வருடங்கள்தான் அந்தக் கதையின் வலி. அது எத்தனை வருடம் என்றே எழுதினவளுக்குத் தெரியவில்லை என்றால், அழுதவரின் கண்ணீரை நான் என்னவாக்கிவிட்டேன்? அவமானமாக இருந்தது. புத்தகத்தைத் திறக்கவே பயமாக இருந்தது.

எட்டாவது நாள் திறந்தேன். பென்சிலோடு உட்கார்ந்து முழுதும் படித்ததில் 31 இடத்தில் காலம் இடித்தது. அத்தியாயம் அத்தியாயமாக எழுதும்போது இது தெரியவே தெரியாது. ஒவ்வொரு அத்தியாயமும் தனக்குள் ஒழுங்காகத்தான் இருக்கும், இடிப்பது இரண்டு அத்தியாயங்களுக்கு நடுவில்தான். என்னை ரொம்பவும் உலுக்கிய பிழை சாப்பாடு. ஒரு சமையல்காரர் கீழிருந்து தினம் மூன்று வேளை உச்சிக்குச் சோறு கொண்டுபோகிறார் என்று பாசமாக எழுதியிருந்தேன். கீழே 128 நாள் போனால் மேலே ஒரு நாள். அப்படியானால் அவளுக்கு ஒரே நாளில் 384 வேளைச் சோறு வந்து குவியும். அது மட்டும் இல்லை, அவர் தினமும் போய்த் திரும்பவே முடியாது. வழியில் நிலைக்கு ஒரு நாழிகை செலவானால் 2, 4, 8 என்று கூட்டிக்கொண்டே போய், ஒருமுறை ஏறுவதற்கே கீழே 254 நாழிகை கழிந்திருக்கும். 60 நாழிகை ஒரு நாள். ஆக நான்கு நாளுக்கும் மேல். இறங்க இன்னொரு நான்கு நாள். அடுக்கடுக்காகக் காலம் மாறும் கட்டடம் எழுத நினைப்பவர்களுக்கு என் முதல் வேண்டுகோள் இதுதான்: ஏறும் வழியும் காலத்தைத் தின்னும், அதையும் கூட்டுங்கள். முடிந்தால் அடுக்கே வைக்காதீர்கள். ஒரே ஒரு வாசல், அதற்கு இந்தப் பக்கம் ஒரு காலம், அந்தப் பக்கம் ஒரு காலம் என்று வைத்தால் பாதிப் பிழை பிறக்கவே பிறக்காது. நான் திருத்தும்போது கீழ் ஆறு நிலைகளையும் சாதாரணக் காலத்துக்கு இறக்கிவிட்டேன். உச்சி நிலை மட்டும்தான் இப்போது வேறு.

அடுத்தது விகிதம். வாசகர் மனக்கணக்காகப் போடக்கூடிய எண்ணாக இருக்க வேண்டும். நான் பாட்டி சொன்னதற்கே திரும்பிப் போனேன். உள்ளே ஒரு நாள், வெளியே ஒரு வருடம். அந்த உலகத்தின் வருடத்தை, முப்பது நாள் கொண்ட பன்னிரண்டு மாதமாக, 360 நாளாக வைத்துக்கொண்டேன். அப்போது உள்ளே ஒரு நாழிகை என்றால் வெளியே சரியாக ஆறு நாள். பத்து நாழிகை என்றால் இரண்டு மாதம். இந்த எண் கையில் வந்த அன்று ஏற்பட்ட நிம்மதியை எப்படிச் சொல்வது! நம் வாசகர்களுக்குத் தேவர் கணக்கு பழக்கம் என்பதால் விளக்கவே வேண்டியிருக்கவில்லை. மாதத்தை முப்பது நாளாக நிறுத்துவது கற்பனை உலகத்தில் நம் கையில் இருக்கிற சலுகை. அதை விட்டுவிட்டு நம் நாட்காட்டியைக் கொண்டுபோய் அங்கே மாட்டி, 365-ஐ வகுத்துக்கொண்டு நான் பட்ட அவதி தேவையே இல்லாதது.

இந்தச் சமயத்தில்தான் பழைய கதைகளைத் திரும்பப் படித்தேன். பாகவதத்தில் ககுத்மி என்ற அரசன் தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்டு பிரம்மலோகம் போகிறான். அங்கே பாட்டு நடக்கிறது, முடியட்டும் என்று கொஞ்சம் காத்திருக்கிறான். பிரம்மா சிரித்துவிட்டு, நீ நினைத்து வந்த மாப்பிள்ளைகள் யாரும் இப்போது இல்லை, 27 சதுர்யுகம் போய்விட்டது என்கிறார். ஒரு சதுர்யுகம் 43,20,000 வருடம். ஆக 11 கோடியே 66 லட்சத்து 40 ஆயிரம் வருடம். 'நெடுங்காலம்' என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாம், சொன்னவர் எண்ணைச் சொல்கிறார். இன்னும் அழகான இடம் விஷ்ணு புராணத்தில் இருக்கிறது. அவர்கள் திரும்பி வரும்போது மனிதர்கள் எல்லாம் உயரம் குறைந்துபோயிருக்கிறார்கள். ரேவதி பலராமருக்கு மிக உயரமாக இருப்பதால் கலப்பையால் அவளைத் தன் காலத்து உயரத்துக்குக் குறைக்கிறார். காலம் தப்பி வந்தவள் உடம்பில் அந்தக் காலம் தெரிய வேண்டும் என்று எவ்வளவு கவனமாக யோசித்திருக்கிறார்கள் பாருங்கள். என் நாயகி திரும்பி வந்தபோது அவள் புடவைக் கட்டுகூட மாறாத ஊருக்குத்தான் வந்திருந்தாள். இப்போது அவள் பேச்சில் இருக்கும் ஒரு சொல் ஊரில் வழக்கொழிந்துபோயிருக்கிறது. அதைக் கேட்டுச் சின்னப் பிள்ளைகள் முழிக்கிறார்கள்.

அந்த இயற்பியல் ஆசிரியரிடம் மறுபடி பேசினேன். அவர்தான் இன்னொரு கதவைத் திறந்தார். நிஜக் கட்டடங்களிலேயே காலம் ஒரே மாதிரி ஓடுவதில்லை என்றார். டோக்கியோ ஸ்கைட்ரீ கோபுரத்தில் ஜப்பானிய ஆய்வாளர்கள் மிக நுட்பமான அணுக்கடிகாரம் இரண்டை, கீழே ஒன்றும் 450 மீட்டர் உயரத்தில் ஒன்றுமாக வைத்து ஒப்பிட்டு 2020-இல் முடிவை வெளியிட்டார்கள். மேலே இருப்பது ஒரு நாளைக்கு நான்கு நானோ விநாடிக்குச் சற்று மேல் வேகமாக ஓடுகிறது. ஈர்ப்பு குறையக் குறையக் காலம் வேகமாகிறது. ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் ஒரு நாளைக்கு 38 மைக்ரோ விநாடி முந்துவதால் அதையும் கணக்கில் எடுத்துத்தான் நம் போனில் வழி காட்டுகிறார்கள். அதாவது நிஜத்தில் உச்சி வேகம், அடி மெதுவு. என் மாடத்தில் தலைகீழ். மாற்ற வேண்டுமா என்று பதறினேன். "வேண்டாம்மா, அது உங்க உலகம். ஆனா எந்தப் பக்கம் போறீங்கன்னு தெரிஞ்சு போங்க" என்றார்.

அவர் கேட்ட அடுத்த கேள்விதான் உண்மையிலேயே பயமுறுத்தியது. உச்சி நிலைக்கு ஜன்னல் வைத்திருக்கிறீர்களே, அதன் வழியாக என்ன தெரியும்? உள்ளே காலம் 360 மடங்கு மெதுவு என்றால், உள்ளிருந்து வரும் ஒளி வெளியே 360 மடங்கு நீண்ட அலையாகத்தான் வரும். அது கண்ணுக்கே தெரியாது. வெளியிலிருந்து உள்ளே போகும் வெயிலோ மெல்லிய எக்ஸ் கதிராக மாறி அவள் மேல் விழும். நாயகி ஜன்னலோரம் நின்று தம்பி வளர்வதைப் பார்க்கிற காட்சி, நான் மிகவும் விரும்பி எழுதியது, அங்கேயே முடிந்துபோயிற்று. இயற்பியலை அப்படியே பின்பற்ற வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. ஆனால் இரண்டு காலம் சந்திக்கும் விளிம்பில் ஒளி, ஒலி, நீட்டிய கை, கட்டிய கயிறு என்னவாகும் என்று ஒரு முடிவு எடுத்தே ஆக வேண்டும். பாதி உடம்பு உள்ளே, பாதி வெளியே என்றால் ரத்தம் எந்த வேகத்தில் ஓடும்? நான் ஜன்னல்களை அடைத்துவிட்டேன். வாசலுக்கும் உச்சி அறைக்கும் நடுவில் நம் பழைய வீடுகளில் இருப்பது போல ஓர் இடைகழி வைத்தேன். இருட்டான, நீளமான இடைகழி. அதற்குள் நடந்துபோகும்போதே காலம் மாறிவிடும். அங்கிருந்து எதையும் பார்க்கவும் முடியாது, கேட்கவும் முடியாது. ஜன்னல் காட்சி போனதற்கு இன்னும் மனம் கனக்கிறது. ஆனால் அவள் தம்பியைப் பார்க்க முடியாமல் இருட்டில் நின்று, உள்ளே சொட்டும் கன்னலை வைத்து 'ஒரு நாழிகை, அவனுக்கு ஆறு நாள்' என்று எண்ணுகிற காட்சி அங்கேதான் பிறந்தது.

வேலை செய்த முறையைச் சொல்லிவிடுகிறேன். ஒரு சார்ட் பேப்பரைச் சுவரில் ஒட்டி, இடப்பக்கம் வெளிக்காலம், வலப்பக்கம் உள்காலம் என்று கோடு போட்டேன். ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு வண்ணம். பாத்திரம் வாசலைத் தாண்டும்போதெல்லாம் கோடு இடமிருந்து வலம் போகும், அந்த இடத்தில் அவர் வயதை எழுதிவிடுவேன். பிறந்த வருடத்தைக் கழித்து வயது கண்டுபிடிக்கும் பழக்கம் இங்கே உதவாது, அவரவர் உடம்பு வாழ்ந்த நாளைத்தான் கூட்ட வேண்டும். அடுத்து, கணினியில் கோப்பைத் திறந்து 'மறுநாள்', 'நேற்று', 'அதே சமயம்', 'சற்று நேரத்தில்', 'இதற்குள்' ஆகிய சொற்களை ஒவ்வொன்றாகத் தேடினேன். இரண்டு காலம் ஓடும் கதையில் இவைதான் ஆபத்தான சொற்கள். யாருக்கு மறுநாள்? எந்தப் பக்கத்து 'அதே சமயம்'? 31 பிழையில் பெரும்பாலானவை இந்த ஐந்து சொற்களுக்குப் பக்கத்திலேயே ஒளிந்திருந்தன. வெளிக்காலம் போவதைக் காட்ட எண்களை அடுக்காமல் வாசலில் ஒரு மாங்கன்றை நட்டேன். ஒவ்வொருமுறை யாராவது வெளியே வரும்போதும் அது எவ்வளவு உயரம், பூத்திருக்கிறதா, காய்த்திருக்கிறதா என்று ஒரு வரி. வாசகருக்கு அதுவே கடிகாரம்.

இன்னொன்றையும் யோசித்துவிடுங்கள். இப்படி ஒரு கட்டடம் ஊரில் இருந்தால் சும்மா விடுவார்களா? முதல் பதிப்பில் என் நாயகியைத் தவிர யாருமே அங்கே ஏற நினைக்கவில்லை. ஆனால் கடன் கொடுப்பவன் ஏறமாட்டானா? நூறு பொன்னை வருடத்துக்கு நூற்றுக்குப் பன்னிரண்டு கூட்டுவட்டிக்கு விட்டுவிட்டு உச்சியில் பத்து நாள் உட்கார்ந்துவிட்டு வந்தால் 310 பொன். தீராத நோயாளியை, மருந்து கண்டுபிடிக்கும்வரை அங்கே கிடத்தி வைக்க மாட்டார்களா? எதிரிகள் கிழவர்களாகும்வரை ஓர் அரசன் ஒளிந்திருக்க மாட்டானா? இதை எழுத ஆரம்பித்ததும் மாடத்தைச் சுற்றி ஒரு ஊரே முளைத்தது. வட்டிக்காரன் இறங்கி வரும்போது கடன் வாங்கியவரின் மகள் வளர்ந்து வாசலில் நிற்கிற அத்தியாயத்தைத்தான் இப்போது படிப்பவர்கள் அதிகம் சொல்கிறார்கள்.

பணக் கணக்கையும் மறைக்காமல் சொல்கிறேன். பழைய பிரதிகளில் 131 வெளியே போயிருந்தன, அதில் முப்பது இலவசம். விற்று வந்தது சுமார் 25,000. மீதி 269 பிரதிகளை விற்க மனம் வரவில்லை. பழைய பேப்பர் கடையில் எடைக்குப் போட்டேன், 1,300 ரூபாய் சொச்சம் கிடைத்தது. கடைக்காரர் மூட்டை கட்டும்போது நான் உள்ளே போய்விட்டேன். அப்புறம் புது அட்டைக்கு 6,000, இரண்டாம் பதிப்பு 200 பிரதிக்கு 33,000. தயவுசெய்து முதலில் பத்துப் பிரதி மட்டும் எடுங்கள். அதில் ஐந்தை உங்களை நேசிக்காதவர்களிடம், காகிதமும் பென்சிலும் எடுத்துக் கணக்குப் பார்க்கும் சுபாவம் உள்ளவர்களிடம் கொடுங்கள். அம்மாவும் தங்கையும் அழுதது பொய்யில்லை. ஆனால் அவர்கள் என் முகத்தையும் சேர்த்துத்தான் படித்தார்கள்.

இப்போது தம்பிக்குப் பன்னிரண்டு வயது. மூன்று நாள், மூன்று வருடம். நரை கிடையாது. மேல் உதட்டில் மீசைகூட இன்னும் அரும்பவில்லை, ஆனால் அக்காவை அடையாளம் தெரிந்துகொள்ள ஒரு நொடி தயங்குகிறான். அந்த ஒரு நொடித் தயக்கத்துக்கு ஆசிரியர் மறுபடியும் அழுததாகச் சொன்னார். பழைய பிரதி வாங்கியவர்களில் 108 பேருக்கு என் செலவில் புதியதை அனுப்பிவிட்டேன். மீதி 23 பிரதி ஒரு புத்தகக் கண்காட்சியில் விற்றவை, யாரிடம் இருக்கின்றன என்று தெரியாது. நீல அட்டை, பத்தொன்பதாம் அத்தியாயத்தில் தம்பிக்குத் தலை நரைத்திருக்கும். உங்கள் வீட்டு அலமாரியில் அப்படி ஒன்று இருந்தால் சொல்லுங்கள், வேறு பிரதி அனுப்புகிறேன்.